ஒரு துடிப்புக்குள் எத்தனை வகைக்கெழு

கேள்வி இது: பிளஸ் டூ கணக்கில் மாறுவீதம், வகைக்கெழு, தொகையீடு எல்லாம் படிக்கிறோமே, இதயம் ரத்தத்தை இறைப்பதைப் புரிந்துகொள்ள இவை நிஜமாகவே உதவுகின்றனவா? உதவினால் எந்த இடத்தில், எப்படி?

உதவுகின்றன. எக்கோ (இதய அல்ட்ராசவுண்ட்) எடுக்கும் அறையில் நாள் முழுக்க நடப்பதே இதுதான். திரையில் தெரியும் டாப்ளர் வளைவரையின் (ரத்தத்தின் வேகத்தை நேரத்தோடு காட்டுவது) விளிம்பை டிராக்பாலை உருட்டிச் சுற்றி வரைகிறார்கள், உள்ளே இருக்கும் பரப்பை இயந்திரம் சொல்கிறது. அது தொகையீடு. இன்னொரு வளைவரையில் இரண்டு புள்ளிகளைக் குறித்து இடைப்பட்ட நேரத்தை அளக்கிறார்கள். அது வகைக்கெழு. யாரும் அந்தப் பெயரைச் சொல்வதில்லை, அவ்வளவுதான்.

சொல்லப்போனால், ரத்தம் சுற்றிச் சுற்றி வருகிறது என்று நிறுவியதிலேயே மாறுவீதத்துக்குப் பெரும் பங்கு உண்டு. வில்லியம் ஹார்வி 1628-இல் வெளியிட்ட நூலில் எளிய கணக்கு ஒன்றைப் போட்டார். ஒரு துடிப்புக்கு அரை அவுன்ஸ் ரத்தம் வெளியேறுகிறது, அரை மணி நேரத்தில் ஆயிரம் துடிப்பு என்று வையுங்கள். 500 அவுன்ஸ், அதாவது சுமார் 15 கிலோ ஆகிறது. உடம்பில் இருக்கும் மொத்த ரத்தமே அவ்வளவு கிடையாது. சாப்பாட்டிலிருந்து கல்லீரல் புதிது புதிதாக ரத்தம் செய்து அனுப்புகிறது என்ற பழைய கொள்கை இந்தக் கணக்கின் முன்னால் நிற்க முடியவில்லை. போன ரத்தமே திரும்பி வந்தாக வேண்டும். இன்றைய அளவுகளோடு ஒப்பிட்டால் ஹார்வி எடுத்துக்கொண்ட அளவு மிகக் குறைவு. இருந்தும் வாதம் வென்றது. எவ்வளவு என்று கேட்டதோடு நிற்காமல், எவ்வளவு நேரத்தில் எவ்வளவு என்று கேட்டதுதான் காரணம்.

இப்போது ஒரு துடிப்பை மட்டும் எடுத்துக்கொள்வோம். ஓய்வாக இருக்கும் ஒரு பெரியவர், நிமிடத்துக்கு 75 துடிப்பு. ஒரு துடிப்புக்கு 0.8 நொடி. இடது கீழறை நிரம்பியிருக்கும்போது சுமார் 120 மி.லி., சுருங்கி முடித்ததும் சுமார் 50 மி.லி. வெளியே போனது 70 மி.லி. இதை 75-ஆல் பெருக்கினால் நிமிடத்துக்கு 5.25 லிட்டர், நொடிக்குச் சராசரியாக 87 மி.லி. சொச்சம்.

இந்தச் சராசரியோடு நிறுத்திக்கொண்டால் இதயத்தைக் குழாய்த் தண்ணீர் போலக் கற்பனை செய்துவிடுவோம். கீழறையை விட்டு ரத்தம் நொடிக்கு 87 மி.லி. என்று ஒரே சீராக ஓடுவது கிடையாது. துடிப்பின் பெரும்பகுதி நேரம் ஓட்டம் பூச்சியம். வால்வு திறந்திருக்கும் சுமார் 0.27 நொடிக்குள் 70 மி.லி.-யும் போய்விட வேண்டும், அதாவது அந்த நேரத்தில் சராசரி நொடிக்கு 260 மி.லி. உச்சம் 400-ஐ நெருங்கும், அதுவும் வால்வு திறந்த முதல் பாதியிலேயே.

கீழறையின் கனஅளவை நேரத்தின் சார்பாக வரைந்து அதன் சாய்வைப் பாருங்கள். சுருங்கத் தொடங்கிய முதல் 0.05 நொடியில் சாய்வு பூச்சியம். மைட்ரல் வால்வு (மேலறைக்கும் கீழறைக்கும் நடுவில் இருப்பது) மூடிவிட்டது, அயோர்ட்டிக் வால்வு (கீழறையிலிருந்து பெருந்தமனிக்குப் போகும் வாசல்) இன்னும் திறக்கவில்லை, உள்ளே இருக்கும் 120 மி.லி.-யும் அடைபட்டுக் கிடக்கிறது. பிறகு சாய்வு செங்குத்தாகக் கீழே இறங்குகிறது, அதுதான் வெளியேற்றம். அடுத்த 0.08 நொடி மறுபடியும் பூச்சியம்: இரண்டு வால்வும் மூடி, தசை தளர்கிறது. மீதி 0.4 நொடி நிரம்பும் காலம். அதில் சாய்வு இரண்டு முறை மேலெழும்பும். முதலில் ரத்தம் மேலறையிலிருந்து மடைதிறந்தாற்போல் வருகிறது, நடுவில் மந்தமாகிறது, கடைசியில் மேலறை ஒரு தள்ளு தள்ளுகிறது. எக்கோ ரிப்போர்ட்டில் ‘ஈ அலை’, ‘ஏ அலை’ என்று இருப்பது இந்த இரண்டு மேடுகள்தான். ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்னும் கோளாறில் மேலறை சேர்ந்து சுருங்காமல் நடுங்குவதால் இரண்டாவது மேடு காணாமல் போகும்.

கனஅளவின் சாய்வு பூச்சியமாக இருந்த அந்த முதல் 0.05 நொடியில் இதயம் சும்மா இருக்கவில்லை. அழுத்தத்தின் சாய்வு மிகச் செங்குத்தாக இருப்பது அப்போதுதான். சுமார் 10 மி.மீ. பாதரசத்திலிருந்து 80-க்கு ஏறுகிறது (இனி அழுத்தம் எல்லாம் இதே அலகுதான்). 70-ஐ 0.05-ஆல் வகுத்தால் நொடிக்கு 1400. இதய மருத்துவர்கள் ‘டிபி பை டிடி’ (dP/dt, அழுத்தத்தின் மாறுவீதம்) என்று வாய்நிறையச் சொல்வது இந்த எண்ணைத்தான். தசை எவ்வளவு விசையோடு சுருங்குகிறது என்பதற்கு இது நல்ல அடையாளம். ரத்தம் வெளியேறத் தொடங்கும் முன்பே அளவு எடுத்துவிடுவதால், வெளியே இருக்கும் தமனியின் நிலை இதை அதிகம் குழப்பாது.

ரிப்போர்ட்டில் எல்லாரும் முதலில் தேடுவது இ.எஃப். என்ற எஜெக்ஷன் ஃப்ராக்ஷனை, அதாவது நிரம்பியிருந்த ரத்தத்தில் எவ்வளவு பங்கு வெளியேறியது என்பதை. மேலே உள்ள எண்களில் 70 ÷ 120, அதாவது 58 விழுக்காடு. அந்த எண்ணில் நேரம் எங்கேயும் கிடையாது. 0.27 நொடியில் தள்ளினாலும், திணறித் திணறி 0.35 நொடியில் தள்ளினாலும் 58 தான் வரும். மைட்ரல் வால்வு நன்றாகக் கசிகிற ஒருவருக்கு இ.எஃப். 60 என்று வந்தால் நிம்மதி அடைந்துவிடக் கூடாது. தள்ளிய ரத்தத்தில் ஒரு பகுதி பின்பக்கமாக மேலறைக்கே போயிருக்கும். பின்பக்கம் அழுத்தம் குறைவு என்பதால் அப்படித் தள்ளுவது எளிது. விகிதம் நன்றாகத் தெரியும், தசை களைத்திருக்கும். டிபி பை டிடி-யையும் சேர்த்துப் பார்ப்பது இந்த மாதிரி இடங்களில்தான்.

விநோதம் என்னவென்றால், அந்தக் கசிவே அளப்பதற்கும் வழி செய்துகொடுக்கிறது. கசியும் ரத்தத்தின் வேகத்தை டாப்ளர் காட்டும். வேகத்தை இருமடியாக்கி 4-ஆல் பெருக்கினால் கீழறைக்கும் மேலறைக்கும் உள்ள அழுத்த வித்தியாசம் வரும் (பெர்னோலி சமன்பாட்டின் சுருக்க வடிவம்). நொடிக்கு 1 மீட்டர் என்றால் 4. நொடிக்கு 3 மீட்டர் என்றால் 36. இடைவெளி 32. ஆகவே வேகம் 1-லிருந்து 3-க்கு ஏற எடுத்துக்கொண்ட நேரத்தை அளந்து 32-ஐ அதனால் வகுத்தால் போதும். 25 மில்லிநொடி ஆனால் 32 ÷ 0.025 = 1280, நல்ல நிலை. 45 மில்லிநொடி ஆனால் 711, தசை பலவீனம். 1200-க்கு மேல் இயல்பு, 800-க்குக் கீழே மோசம் என்று வைத்துக்கொள்ளலாம்.

தப்பு நடப்பது எங்கே என்றும் தெரிந்திருக்க வேண்டும். திரையில் வளைவரை ஓடும் வேகம் நொடிக்கு 100 மி.மீ. என்றால், 25 மில்லிநொடி என்பது வெறும் 2.5 மி.மீ. கர்சர் அரை மில்லிமீட்டர் தள்ளிப் போனால் 5 மில்லிநொடி பிசகும். 25 என்பது 20 ஆனால் விடை 1600, 30 ஆனால் 1067. ஒரே நோயாளி, ஒரே துடிப்பு, அரை மில்லிமீட்டரில் நல்லதும் சுமாரும் இடம் மாறிவிடுகின்றன. 50 மி.மீ. வேகத்திலேயே விட்டுவிட்டு அளந்தால் பிழை இரண்டு மடங்கு. ஆகவே வேகத்தைக் கூட்டிவைத்து, கசிவின் விளிம்பு தெளிவாகத் தெரியும் மூன்று நான்கு துடிப்புகளை அளந்து சராசரி எடுப்பதே முறை. இடது பண்டில் கிளை அடைப்பு (இடது கீழறைக்கு மின்துடிப்பைக் கடத்தும் பாதையில் தடை) இருந்தால் சுவரின் ஒரு பக்கம் முந்தியும் மறுபக்கம் பிந்தியும் சுருங்கும். தசை திடமாக இருந்தாலும் ஏற்றம் மந்தமாகத் தெரியும். திடீரென்று கடுமையாகக் கசியத் தொடங்கிய இதயத்தில் மேலறையின் அழுத்தமும் சேர்ந்து ஏறிவிடுவதால் மேலறையின் அழுத்தம் மாறாது என்ற அடிப்படை அனுமானமே ஆட்டம் காணும்.

இனித் தொகையீடு. அயோர்ட்டிக் வால்வுக்குச் சற்று முன்னால் இருக்கும் பாதையில் ரத்தத்தின் வேகத்தை டாப்ளரில் எடுக்கிறோம். வேகம்-நேரம் வளைவரையின் கீழ் உள்ள பரப்பு என்பது தூரம், பள்ளியில் படித்ததுதான். இங்கே அந்தத் தூரம் சுமார் 20 செ.மீ. வரும். ஒரு துடிப்பில் ரத்தத்தூண் 20 செ.மீ. முன்னேறியது என்று பொருள். பாதையின் விட்டம் 2.1 செ.மீ. என்றால் குறுக்குப் பரப்பு 3.46 சதுர செ.மீ. பெருக்கினால் 69 மி.லி. உடம்பைக் கிழிக்காமல், ஊசி குத்தாமல், ஒரு துடிப்பில் வெளியேறிய ரத்தம் கையில் வந்துவிட்டது.

இதில் வேகத்தை அளப்பதைவிட விட்டத்தை அளப்பதுதான் ஆபத்தான படி. பரப்பு விட்டத்தின் இருமடியைப் பொறுத்தது. வகையிட்டுப் பார்த்தால் விட்டத்தில் வரும் விழுக்காட்டுப் பிழை பரப்பில் இரட்டிப்பாகும் என்று உடனே தெரியும். 2.1-ஐ 2.0 என்று எடுத்துவிட்டால் விட்டத்தில் 5 விழுக்காடுகூடப் பிழை இல்லை, ஆனால் விடை 69-லிருந்து 63-க்கு விழுகிறது. டாப்ளர் கற்றை ரத்த ஓட்டத்துக்கு 20 பாகை சாய்ந்திருந்தால் வேகம் 6 விழுக்காடு குறைவாகத் தெரியும். இரண்டு பிழையும் ஒரே பக்கம் சேர்ந்தால் நன்றாக இருக்கும் இதயம் நோயாளி இதயம் ஆகிவிடும். ஒரே ஆளை அடுத்தடுத்த நாட்களில் பார்க்கும்போது விட்டத்தை மறுபடி அளக்காமல் அந்த 20 செ.மீ. தூரத்தை மட்டும் ஒப்பிடுவது நல்லது என்பது என் உறுதியான கருத்து. மாறாத ஒன்றைத் திரும்பத் திரும்ப அளந்து புதுப்புதுப் பிழையை உள்ளே விடுவானேன்.

இடது கீழறையை விட்டு வெளியே வருவோம். கணக்கு மிக அழகாகப் பொருந்துவது இங்கேதான். பெருந்தமனிக்குள் ரத்தம் 0.27 நொடிதான் வருகிறது, ஆனால் விரல் நுனிக்கும் மூளைக்கும் 0.8 நொடியும் ஓடிக்கொண்டே இருக்கிறது. எப்படி? பெருந்தமனி ரப்பர் போல விரிந்து ரத்தத்தைப் பிடித்துவைத்து, வால்வு மூடிய பிறகு மெல்ல அனுப்புகிறது. குதிரைத் தமனியில் கண்ணாடிக் குழாயைச் செருகி ரத்தம் எட்டடிக்கும் மேல் ஏறியதைக் கண்ட ஸ்டீபன் ஹேல்ஸ், 1733-இல் வெளியிட்ட நூலில் தமனியை அந்தக் காலத்துத் தீயணைப்புப் பம்பின் காற்றறையோடு ஒப்பிட்டார். பம்பை விட்டு விட்டு அழுத்தினாலும் காற்றறை இருப்பதால் குழாயில் நீர் விடாமல் பாயும். ஜெர்மானிய உடலியங்கியலாளர் ஓட்டோ ஃபிராங்க் 1899-இல் இதைச் சமன்பாடாக எழுதினார். அதன் பெயர் இன்றும் ‘விண்ட்கெசல்’, காற்றறை என்பதற்கான ஜெர்மன் சொல்.

சமன்பாடு வெறும் வரவு செலவுதான். தமனியில் தேங்குவது = வரவு − செலவு. தமனியின் நெகிழ்வு என்பது அழுத்தம் ஒரு மி.மீ. ஏறும்போது அது கூடுதலாக எத்தனை மி.லி. பிடிக்கும் என்பது. செலவு என்பது அழுத்தத்தைச் சிறு நாளங்களின் தடையால் வகுத்தால் வருவது. ஆகவே:

நெகிழ்வு × அழுத்தத்தின் மாறுவீதம் = உள்ளே வரும் ஓட்டம் − (அழுத்தம் ÷ தடை)

எண் போட்டுப் பார்ப்போம். ரத்த அழுத்தம் 120/80, சராசரி சுமார் 93. சராசரி ஓட்டம் நொடிக்கு 87 மி.லி. தடை = 93 ÷ 87, ஏறக்குறைய 1.1. அடுத்து நெகிழ்வு. உள்ளே வந்த 70 மி.லி.-இல், வந்துகொண்டிருக்கும்போதே சுமார் 25 மி.லி. வெளியே போய்விடும். தேங்கியது 45. அழுத்தம் ஏறியது 40. நெகிழ்வு = 45 ÷ 40, அதுவும் ஏறக்குறைய 1.1.

வால்வு மூடிய பிறகு வரவு பூச்சியம். இப்போது அழுத்தம் குறையும் வேகம் இருக்கும் அழுத்தத்துக்கே நேர்விகிதம். கதிரியக்கச் சிதைவுக்கும் சூடான காபி ஆறுவதற்கும் போட்ட அதே வகைக்கெழுச் சமன்பாடு. தீர்வு அடுக்குக்குறிச் சார்பு. அதன் கால மாறிலி தடை × நெகிழ்வு = 1.2 நொடி. 120-இல் தொடங்கி அரை நொடி கழித்து எவ்வளவு? 2.718-ஐ மைனஸ் 0.5/1.2 அடுக்குக்கு உயர்த்தினால் 0.66. 120 × 0.66 = 79. மேல்கைப் பட்டையை ஊதி அளக்கும் கீழ் அழுத்தம் 80, இந்தக் கணக்கிலிருந்தே வந்து விழுகிறது. பெருந்தமனியின் தொடக்கத்தில் வால்வு மூடும் தருணத்தில் அழுத்தம் 120-இல் இருக்காது, அதற்குள் சற்று இறங்கியிருக்கும், ஆகவே இது தோராயம்தான். ஆனால் கீழ் அழுத்தம் என்றால் என்ன என்பதை இதைவிடத் தெளிவாகச் சொல்லும் வழி வேறில்லை: அடுத்த துடிப்பு வருவதற்குள் கையிருப்பு எவ்வளவு கரைந்தது என்பதே அது.

அதே சமன்பாட்டில் இன்னொன்றும் ஒளிந்திருக்கிறது. தமனியில் அழுத்தம் உச்சத்தைத் தொடுவது எப்போது? ரத்தம் மிக வேகமாக உள்ளே பாயும் தருணத்தில் என்று தோன்றும். இல்லை. உச்சத்தில் அழுத்தத்தின் வகைக்கெழு பூச்சியம். அப்படியென்றால் வரவும் செலவும் சமம். 120 அழுத்தத்தில் செலவு 120 ÷ 1.1, நொடிக்கு 109 மி.லி. உள்ளே வரும் ஓட்டம் 400 என்ற உச்சத்தைத் தொட்டுத் திரும்பி 109-க்கு இறங்கும் வரை அழுத்தம் ஏறிக்கொண்டே இருக்கும். ஆகவே ஓட்டத்தின் உச்சம் முதலில், அழுத்தத்தின் உச்சம் பின்னால். வகைக்கெழு பூச்சியமாகும் இடம் என்று தேர்வில் பெருமம் சிறுமம் கண்டுபிடிக்கிறோமே, அதேதான்.

வயதாகும்போது தமனி விறைக்கிறது. நெகிழ்வு பாதியாகிவிட்டது என்று வையுங்கள், மற்றதெல்லாம் அப்படியே. கால மாறிலியும் பாதியாகி 0.6 நொடி. தேங்க இடமில்லாததால் அழுத்தம் மேலே பாய்கிறது, கையிருப்பு குறைவாக இருப்பதால் சீக்கிரம் கரைகிறது. சமன்பாட்டைத் தீர்த்தால் மேல் அழுத்தம் 140 வாக்கில், கீழ் அழுத்தம் 60-ஐ ஒட்டி வரும். சராசரி மாறவே இல்லை. முதியவர்களுக்கு ‘மேல் பிரஷர் அதிகம், கீழ் பிரஷர் குறைவு’ என்று சொல்லும்போது பலர் கீழ் எண் குறைந்ததைப் பார்த்து ஆறுதல் அடைகிறார்கள். அது ஆறுதலுக்குரியது அல்ல. இடது கீழறையின் தசைக்கு ரத்தம் பெரும்பாலும் தளர்வு நேரத்தில்தான் கிடைக்கிறது. அந்த நேரத்து அழுத்தம் குறைந்தால் தசைக்கு வரும் பங்கும் குறையும், அதே சமயம் உயர்ந்த மேல் அழுத்தத்தை எதிர்த்துத் தள்ளும் வேலை கூடியிருக்கும்.

இந்த மாதிரிக்கு எல்லை உண்டு. தமனி மரம் முழுவதையும் ஒரே பையாக இது எடுத்துக்கொள்கிறது. உண்மையில் அழுத்தம் அலையாகப் போய், கிளை பிரியும் இடங்களில் மோதித் திரும்பி வருகிறது. இளம் வயதில் அலை வேகம் நொடிக்கு 5 மீட்டரை ஒட்டி, விறைத்த தமனியில் 10 மீட்டரைத் தாண்டும். திரும்பும் அலை சுருக்கம் முடிவதற்குள்ளேயே வந்து சேர்ந்தால் மேல் அழுத்தத்தை இன்னும் தூக்கிவிடும். அதைக் கணக்கிட நேரத்தோடு இடத்தையும் சேர்த்துப் பகுதி வகைக்கெழு வேண்டும்.

இதயம் நிமிடத்துக்கு எத்தனை லிட்டர் இறைக்கிறது என்பதை அளக்கப் பழைய, நம்பகமான வழி ஒன்று: சாயக் கரைசல். தெரிந்த அளவு சாயத்தை இதயத்துக்குப் போகும் சிரையில் ஒரே வீச்சில் செலுத்தி, தமனியில் அதன் செறிவை நேரத்தோடு அளப்பது. தர்க்கம் எளிது. ஒரு சிறு நேரத் துண்டில் அளவிடும் இடத்தைக் கடந்த சாயம் = ஓட்டம் × செறிவு × அந்த நேரம். எல்லாத் துண்டையும் கூட்டினால் செலுத்திய சாயம் முழுதும் வந்தாக வேண்டும். ஆகவே ஓட்டம் = செலுத்திய சாயம் ÷ செறிவு வளைவரையின் பரப்பு. ஸ்டூவர்ட்-ஹாமில்டன் சமன்பாடு என்பது இதுவே.

செய்து பார்க்க ஒரு கணக்கு. எண்கள் விளக்கத்துக்காக அமைத்தவை. சாயம் 5 மில்லிகிராம். 2 நொடிக்கு ஒருமுறை எடுத்த செறிவு, லிட்டருக்கு மில்லிகிராமில்: 4-ஆவது நொடியில் 1.2, பிறகு வரிசையாக 4.0, 6.6, 6.4, 4.6, 2.9, 1.8 (இது 16-ஆவது நொடி). அடுத்து 18-இல் 1.6, 20-இல் 1.9 என்று வருகிறது. குறைந்துகொண்டு வந்தது ஏன் மறுபடி ஏறுகிறது? முதலில் போன சாயம் உடம்பைச் சுற்றி இரண்டாம் முறை வந்துவிட்டது. அதையும் சேர்த்துக் கூட்டினால் ஒரே சாயத்தை இரண்டு தடவை எண்ணியதாகும், பரப்பு கூடி, ஓட்டம் உள்ளதைவிடக் குறைவாகத் தெரியும்.

என்ன செய்வது? இறங்கும் பகுதியைப் பாருங்கள். 4.6-லிருந்து 2.9, அங்கிருந்து 1.8. ஒவ்வொரு படியிலும் 0.62 அல்லது 0.63 மடங்கு, அதாவது அடுக்குக்குறி இறக்கம். இரண்டாம் சுற்று கலக்காமல் இருந்திருந்தால் அதே விகிதத்தில் 1.1, 0.7, 0.4, 0.3 என்றுதான் போயிருக்கும். அளந்த 1.6-ஐயும் 1.9-ஐயும் விட்டுவிட்டு இவற்றைப் போடுங்கள். மொத்தம் கூட்டினால் 30.0. இடைவெளி 2 நொடி என்பதால் பரப்பு 60. 5 ÷ 60 = நொடிக்கு 0.083 லிட்டர், நிமிடத்துக்கு 5.0 லிட்டர். 0.3-க்குப் பின்னாலும் ஒரு சிறு வால் உண்டு. பெருக்குத்தொடரின் கூட்டல்படி அது பரப்பில் இன்னும் 1 சேர்க்கும், விடை 4.9 ஆகும். அந்த வாலை விட்டாலும் பரவாயில்லை. இரண்டாம் சுற்றைச் சேர்த்துவிட்டால்தான் தவறு பெரிது.

தீவிர சிகிச்சைப் பிரிவில் சாயத்துக்குப் பதில் குளிர்ச்சியைச் செலுத்துவார்கள். 1970-இல் வெளிவந்த ஸ்வான்-கான்ஸ் கதீட்டரில் (சிரை வழியாக இதயத்துக்குள் செலுத்தும் மெல்லிய குழாய்) 10 மி.லி. குளிர்ந்த திரவத்தைச் சட்டென்று செலுத்தி, நுரையீரல் தமனியில் வெப்பநிலை இறங்கி ஏறுவதை அளப்பது. உடம்பைச் சுற்றி வருவதற்குள் குளிர்ச்சி பெரும்பாலும் கரைந்துவிடுவதால் இரண்டாம் சுற்றுத் தொல்லை குறைவு. வேறு தொல்லைகள் உண்டு. 10 என்று இயந்திரத்துக்குச் சொல்லிவிட்டு 9 மி.லி. செலுத்தினால் பரப்பு சுருங்கும், சமன்பாட்டில் பரப்பு கீழே இருப்பதால் இதயம் நன்றாக இறைப்பதாகப் பொய் சொல்லும். சிரிஞ்சைக் கையில் பிடித்துக்கொண்டே நின்றால் திரவம் சூடேறி அதே பிழை வரும். ட்ரைகஸ்பிட் வால்வு (வலது மேலறைக்கும் வலது கீழறைக்கும் நடுவில் இருப்பது) கசிந்தால் குளிர்ந்த ரத்தம் முன்னும் பின்னும் அலைந்து வளைவரை இழுபடும், எண்ணை நம்ப முடியாது. மூன்று முறை செய்து, ஒன்றுக்கொன்று 10 விழுக்காட்டுக்குள் இருந்தால் மட்டும் சராசரி எடுப்பது வழக்கம்.

இதயம் வேகமாகத் துடித்தால் அதிகம் இறைக்கும்தானே என்று அடிக்கடி கேட்கிறார்கள். பெருக்கல் விதியைப் போட்டுப் பாருங்கள். மொத்த இறைப்பு = துடிப்பு வீதம் × ஒரு துடிப்பின் அளவு. ஒரு பெருக்கலின் விழுக்காட்டு மாற்றம், இரண்டு காரணிகளின் விழுக்காட்டு மாற்றங்களின் கூட்டல் (சிறு மாற்றங்களுக்கு). வேகம் 10 கூடி அளவு 4 குறைந்தால் லாபம் 6. வேகம் 10 கூடி அளவு 15 குறைந்தால் நஷ்டம் 5. இரண்டாவது எப்போது நடக்கும்? துடிப்பு 75-லிருந்து 150-க்குப் போனால் 0.8 நொடி 0.4 ஆகிறது. ஆனால் சுருங்கும் நேரம் அதே விகிதத்தில் குறையாது, வெட்டு பெரும்பாலும் நிரம்பும் நேரத்தில்தான் விழும். ஓடும்போது தசை வேகமாகத் தளர்கிறது, சிரைகளிலிருந்து வரும் ரத்தமும் பெருகுகிறது, அதனால் சமாளிக்கிறது. உட்கார்ந்த இடத்தில் மின்கோளாறால் 170 துடித்தால் அந்த உதவி எதுவும் இல்லை. சுவர் தடித்து விறைத்த கீழறைக்கு நிரம்ப நேரம் கொடுக்காவிட்டால் மயக்கம் வருவது இந்தப் பெருக்கலால்தான்.

கடைசியாக, கணக்கு வகுப்பில் அதிகம் பேசப்படாத ஒன்று. தாளில் வகையிடுவது எளிது, தொகையிடுவது கடினம். அளவீட்டில் தலைகீழ். எக்கோவில் 0.02 நொடிக்கு ஒரு படம், ஒவ்வொரு படத்திலும் கனஅளவில் 2 மி.லி. கூட்டிக் குறைத்துப் பிழை என்றால், அடுத்தடுத்த இரண்டு படங்களின் வித்தியாசத்தில் 4 மி.லி. வரை பிழை வரலாம். 0.02-ஆல் வகுத்தால் நொடிக்கு 200 மி.லி. உண்மையான உச்ச ஓட்டமே 400 தான். சிறு நடுக்கத்தை வகைக்கெழு பூதாகரமாக்கிவிடும், தொகையீடு அடித்துப்பிடித்துச் சமன் செய்துவிடும். ஆகவே பரப்பெடுத்து வரும் எண்களை ஒப்பீட்டளவில் நம்பலாம், சாய்வெடுத்து வரும் எண்களுக்குப் பல துடிப்புகள் வேண்டும்.

மணிக்கட்டுத் தமனியில் குழாய் செருகி மானிட்டரில் அழுத்த அலையைப் பார்க்கும் இடத்தில் இதை நேரிலேயே காணலாம். டிரான்ஸ்டியூசர் (அழுத்தத்தை மின்குறியாக மாற்றும் கருவி) இதய மட்டத்துக்கு 10 செ.மீ. கீழே தொங்கினால் எல்லா எண்ணும் சுமார் 7 மி.மீ. கூடுதலாகக் காட்டும். ஆனால் அலையின் வடிவம், அதன் சாய்வு, துளியும் மாறாது, ஏனென்றால் மாறிலியின் வகைக்கெழு பூச்சியம். குழாயில் காற்றுக் குமிழி இருந்தால் எதிர்மாறாக நடக்கும். ஏற்றம் மழுங்கும், மேல் அழுத்தம் குறைந்தும் கீழ் அழுத்தம் கூடியும் தெரியும், சராசரி மட்டும் ஏறக்குறைய சரியாகவே இருக்கும். அலை திடீரென்று உருண்டு திரண்டு மொண்ணையாகத் தெரிந்தால், நோயாளியைப் பார்த்துவிட்டு, ஃபிளஷ் வால்வை (குழாயைக் கழுவும் திரவத்தைத் திறந்துவிடுவது) ஒரு முறை இழுத்து விடுங்கள். சதுரமாக ஏறி இறங்கிய பிறகு ஒன்றிரண்டு முறை துள்ளி அடங்கினால் குழாய் சரி. துள்ளலே இல்லாமல் வழுக்கி இறங்கினால் குமிழி, ரத்தக் கட்டி, மடிப்பு மூன்றையும் தேட வேண்டும். அது சரியாகும் வரை சராசரி எண்ணை வைத்து முடிவெடுக்கலாம், மேல் கீழ் எண்களை வைத்து மருந்தைக் கூட்டிக் குறைக்கக் கூடாது.